ஒண்ணுமில்ல அண்ணாச்சி

இசக்கி, வேலு, உங்கள் இரண்டு பேருக்கும்தான் இது. போனில் தட்டி எழுத எனக்குக் கை வராது. அதனால் தாளில் எழுதி, அம்மாவைப் படம் எடுக்கச் சொல்லி அனுப்புகிறேன். எழுத்து கோணலாக இருந்தால் பெரிதாக்கிப் படித்துக்கொள்ளுங்கள்.

மாப்பிள்ளையூரணியில் நடந்த கல்யாணத்தில், வேலு, உன்னோடு வேலை பார்க்கிற பையன்களுக்கு என்னைக் காட்டி, “அப்பா எம்ப்ளாய்மென்ட் ஆபீஸ்ல இருந்தாங்க. இப்ப அதெல்லாம் ஆன்லைன் ஆயிட்டு” என்று சொன்னாய். தப்பாக ஒன்றும் சொல்லவில்லை. ஆனால் அவர்கள் தலையை ஆட்டிய விதத்தில், ஆன்லைன் வந்ததும் நாங்கள் எல்லாரும் நாற்காலியைத் தேய்த்துக்கொண்டு உட்கார்ந்திருந்தோம் என்று நினைத்த மாதிரி இருந்தது. பந்தியில் இலை போட்ட பிறகும் அது எனக்குள் ஓடிக்கொண்டே இருந்தது. என் வேலைக்காலத்தில் நெஞ்சை நிமிர்த்திச் சொல்ல ஒன்று உண்டென்றால், அது ஆன்லைன் வந்த பிறகு நாங்கள் செய்ததுதான். அதை நீங்கள் இருவரும் தெரிந்து வைத்திருக்க வேண்டும்.

பத்தாவது வரை படித்தவன் நான். தூத்துக்குடி வேலைவாய்ப்பு அலுவலகத்தில் அலுவலக உதவியாளராகச் சேர்ந்தேன். மணி அடித்தால் போவது, கோப்பு தூக்குவது, டீ வாங்கி வருவது என்று ஆரம்ப வருஷங்கள் போயின. அங்கே நான் உருப்படியாகக் கற்றது பேர் கூப்பிடுவதுதான். பள்ளிக்கூட முடிவுகள் வந்துவிட்டால் பதிவு செய்ய வந்த கூட்டம் வாசல் தாண்டி ரோட்டில் நிற்கும். பக்கத்தில் துறைமுகத்துக்குப் போகிற லாரிகள் ஹாரன் அடித்துக்கொண்டே ஊர்ந்து போகும். மைக் கிடையாது. அந்த இரைச்சலில் கடைசி ஆளுக்குக் கேட்கிற மாதிரி கத்தாமல் கூப்பிட வேண்டும். பேரை உடைத்து, நிறுத்தி, ஊர்ப்பேரைச் சேர்த்துச் சொன்னால் கேட்கும். அது பழக்கத்தில் வந்தது.

பிறகு பதிவு, புதுப்பித்தல் எல்லாம் கம்ப்யூட்டருக்குள் போனது. வெயிலில் கைக்குழந்தையோடு நின்றவர்கள் வீட்டிலிருந்தே முடித்துக்கொண்டார்கள். நல்ல காரியம்தான், அதை நான் குறை சொல்ல மாட்டேன். ஒரே வருஷத்தில் எங்கள் வாசல் வெறிச்சோடிவிட்டது. கொஞ்ச நாள் எங்களுக்கும் அது சுகமாகத்தான் இருந்தது.

அப்போதுதான் ஜாய்ஸ் மேடம் எங்களுக்கு அதிகாரியாக வந்தார். நாசரேத்துக்காரர், வாத்தியார் வீட்டுப் பெண். என்னைவிட வயதில் இளையவர். சத்தம் போட்டுப் பேசி நான் கேட்டதில்லை. ஒரு விஷயம் பிடிக்கவில்லை என்றால் கண்ணாடியைக் கழற்றி மேஜையில் வைப்பார். அந்தக் கண்ணாடி மேஜைக்கு வந்துவிட்டால் எதிரே இருப்பவருக்கு வியர்த்துவிடும்.

எங்கள் ஆபீஸில் கார்த்திக் என்று ஓர் இளநிலை உதவியாளர் இருந்தான். சுறுசுறுப்பான பையன். ஊர் ஊராக வாட்ஸ்அப் குரூப் ஆரம்பித்து, வேலை விளம்பரம் எங்கே கண்டாலும் அதில் போட்டான். ரயில்வே, வங்கி, பட்டாளம், வெளிநாடு என்று காலையிலிருந்து ராத்திரி வரை போய்க்கொண்டே இருக்கும். நல்ல மனசோடு செய்ததுதான். ஆனால் அதைப் பார்த்தவர்கள் தாங்களும் கிடைத்ததையெல்லாம் அதே குரூப்பில் போட ஆரம்பித்தார்கள். கெடு முடிந்தது, போன வருஷத்துப் பழசு, வடநாட்டு விளம்பரம், துறைமுகத்தில் ஆள் எடுப்பதாக எவனோ ஜோடித்த பொய் எல்லாம் ஒரே குவியல். ஆபீஸ் போன் அடித்துக்கொண்டே இருந்தது. “இது உண்மையா சார்? இது எங்களுக்கா சார்? இது முடிஞ்சிட்டா சார்?” பழைய வரிசை ரோட்டைவிட்டு ஒயருக்குள் வந்துவிட்டது, அவ்வளவுதான்.

மேடம் ஒருநாள் கார்த்திக்கைக் கூப்பிட்டார். கண்ணாடி மேஜைக்கு வந்துவிட்டது.

“நேத்து எத்தன அனுப்பினீங்க?”

“எண்ணல மேடம். எல்லாத்தையும் போட்டுருவேன். வேணுங்கிறத அவங்களே பாத்துக்குவாங்கல்ல?”

“வீட்டுக்கு வந்தவங்களுக்குச் சாப்பாடு போடச் சொன்னா, அரிசி மூட்டையத் தூக்கி முன்னால வைப்பீங்களா கார்த்திக்?”

அடுத்த நாளிலிருந்து முறை மாறியது. காலையில் வாசல் திறக்கும் முன் நாங்கள் மூன்று பேரும் ஒரே மேஜையில் உட்காருவோம். வந்திருக்கிற விளம்பரங்களைக் கார்த்திக் ஒவ்வொன்றாக வாசிப்பான். மேடம் மூன்றே கேள்வி கேட்பார். யாருக்கு? எப்போது வரைக்கும்? யார் கொடுத்தது? மூன்றுக்கும் பதில் இருந்தால்தான் அது மேஜையில் தங்கும். கொடுத்தவர் யார் என்று தெரியாவிட்டால் கார்த்திக் அங்கேயே போன் போட்டு விசாரிக்க வேண்டும். விசாரித்தும் தெரியாவிட்டால் அது குப்பை. டெல்லியில் ஏதோ பெரிய படிப்புக்கு வேலை என்று வந்தால், “நம்மகிட்ட பதிஞ்சவங்கள்ல இந்தப் படிப்பு யாரு? பேரச் சொல்லுங்க” என்பார். பேர் தெரிந்தால் அந்த ஆளுக்கு மட்டும் போகும். ஊருக்கெல்லாம் போகாது. மூட்டையாக வந்தது ஒரு பிடியாகச் சுருங்கும்.

அந்த ஒரு பிடியை எழுத்தாக அனுப்புவதா என்று பேச்சு வந்தது. உப்பளத்து வெயிலில் போன் திரையில் ஒன்றும் தெரியாது என்று நான் சொன்னேன். கையெல்லாம் உப்புத்தண்ணி, போனைத் தொடவும் முடியாது. அப்படியானால் பேசி அனுப்பலாம் என்றார் மேடம். கார்த்திக் பேசிப் பார்த்தான்; பஸ்ஸைப் பிடிக்க ஓடுகிற மாதிரி இருந்தது. மேடமே பேசிப் பார்த்தார். சர்ச்சில் ஞாயிற்றுக்கிழமை அறிவிப்பு வாசிக்கிற மாதிரி இருந்தது. அதை அவரே சொல்லிச் சிரித்தார். பிறகு என்னைப் பார்த்தார்.

“முத்துராஜ், நீங்க பேர் கூப்பிடுவீங்களே, அதே மாதிரி சொல்லுங்க.”

“வணக்கம். வேலைவாய்ப்பு அலுவலகத்திலேர்ந்து முத்துராஜ் பேசுறேன். இன்னைக்கு ரெண்டு செய்தி.” இப்படித்தான் ஆரம்பித்தேன். ஒவ்வொரு செய்தியையும் இரண்டு தடவை நிறுத்திச் சொல்வேன். குரூப்பில் வேறு யாரும் எதுவும் போட முடியாதபடி கார்த்திக் பூட்டிவிட்டான்.

மேடத்தின் மூன்று கேள்விச் சல்லடையில் போட்டால் சில நாள் எதுவும் தங்காது. முதல் தடவை அப்படி ஆனபோது, “மேடம், இன்னைக்கு ஒண்ணும் தேறல. விட்டுரலாமா?” என்று கேட்டேன்.

“விட்டா, நாம மறந்துட்டோம்னு நினைப்பாங்க. வேற எங்கேயாவது போய்த் தேடுவாங்க. இல்லன்னு சொல்லுங்க.”

“இல்லன்னு சொல்ல ஒரு ஆளா மேடம்?”

“அதுக்குத்தான் ஆள் வேணும். இருக்குன்னு சொல்ல ஊர் பூரா ஆள் இருக்கு.”

அதனால் அப்படிப்பட்ட நாட்களில், “வணக்கம். முத்துராஜ் பேசுறேன். இன்னைக்கு ஒண்ணும் இல்ல. உங்க வேலையப் பாருங்க” என்று சொல்லி அனுப்பினேன். உங்கள் அம்மா அதைக் கேட்டுவிட்டு, “ஒண்ணும் இல்லன்னு சொல்லவா ஒங்களுக்குச் சம்பளம் தாராக?” என்று கேட்டாள். அவள் கேட்டதில் எனக்குக் கோபம் வரவில்லை. எனக்கே அந்தச் சந்தேகம் இருந்தது.

இனி வேம்பார்ப் பெண்ணின் கதைக்கு வருகிறேன்.

அரசு மாணவியர் விடுதிகளுக்குச் சமையலர் வேலை வந்தது. பதிவு மூப்புப்படி எங்கள் ஆபீஸிலிருந்து பேர்கள் போயின. அப்படிப் பேர் அனுப்பப்பட்டவர்களுக்கு அவரவர் போனில் செய்தி வரும். கெடுவுக்குள் கம்ப்யூட்டரில் சம்மதம் கொடுத்தால்தான் நேர்காணல் உண்டு. எல்லாரும் கொடுத்துவிட்டார்கள், ஒருத்தி மட்டும் கொடுக்கவில்லை. பேர் பிரகாசி, ஊர் வேம்பார். மறுநாள் சாயங்காலத்தோடு கெடு முடிகிறது. அவளுக்கு வயது வரம்பும் அந்தத் தடவையோடு சரி. இதை விட்டால் அரசு வேலை என்ற பேச்சே அவளுக்கு இல்லை.

“மெசேஜ் அன்னைக்கே போயிட்டு மேடம்” என்றான் கார்த்திக்.

“போனது சரி. போய்ச் சேர்ந்துச்சா?”

அந்த எண்ணுக்கு நான் போன் போட்டேன். தொடர்பு எல்லைக்கு வெளியே என்று வந்தது. மத்தியானம், சாயங்காலம் எப்போது போட்டாலும் அதேதான். நம் கடற்கரையில் ஒரு போன் நாள் முழுக்க அப்படிச் சொன்னால் அது படகில் இருக்கிறது என்று அர்த்தம். வீட்டுக்கு ஒரு போன். அது புருஷனோடு கடலுக்குப் போய்விடும். ஆபத்துக்கு உதவும் என்று வீட்டில் உள்ளவர்களே கொடுத்து அனுப்புவார்கள். பதிவு செய்கிற இடத்தில் எண் கேட்டால், வீட்டில் இருக்கிற அந்த ஒரே எண்ணைத்தானே கொடுப்பார்கள்?

மறுநாள் காலையில் மேடம் என்னை வேம்பாருக்கு அனுப்பினார். கடற்கரைச் சாலை பஸ்ஸில் போய் இறங்கி விசாரித்தால், பிரகாசி உப்பளத்தில் இருக்கிறாள் என்றார்கள். வரப்பு வழியாக நடந்து போனேன். தலையில் உப்புக்கூடையோடு வந்தவள் என்னைப் பார்த்து நின்றாள். விஷயத்தைச் சொன்னேன். கூடையை இறக்காமலே கேட்டாள்.

“வேற ஆளப் பாருங்க அண்ணாச்சி” என்றாள்.

ஆபீஸ் அடையாள அட்டையை எடுத்துக் காட்டினேன்.

“முன்னால வந்தவனும் இந்த மாதிரி ஒண்ணக் கழுத்துல மாட்டிட்டுத்தான் வந்தான். ஹார்பர்ல வேலைன்னான். எங்க நாத்தனா காதுல கெடந்தத கழட்டிக் குடுத்துட்டு ஒக்காந்திருக்கா.”

“நான் எதுவும் கேக்கலியேம்மா. சம்மதம்னு ஒரு வார்த்தை சொன்னாப் போதும்.”

“அவனும் மொத நாள் ஒண்ணும் கேக்கல.”

என்ன சொன்னாலும் அவளிடம் பதில் இருந்தது. அவள் மேல் தப்பே இல்லை. இத்தனை பொய் வந்து விழுந்த பிறகு உண்மைக்கு உட்கார எங்கே இடம்? அட்டையைத் திரும்பச் சட்டைப் பைக்குள் வைத்தேன். அப்போது பின்னால் வந்த வயசான பெண் ஒருத்தி என்னை உற்றுப் பார்த்தாள்.

“ஏளா பிரகாசி, இந்தக் கொரல எங்கேயோ கேட்டிருக்கேன்ளா.”

“எங்க?”

“மேஸ்திரி போன்ல. காலைல போடுவாருல்லா.” பிறகு என்னிடம், “நீங்க அந்த ஒண்ணுமில்ல அண்ணாச்சியா?” என்றாள்.

அந்தப் பேர் எனக்கு இருப்பதே அன்றைக்குத்தான் தெரியும். கூடையோடு நின்றவர்கள் எல்லாம் கூடிவிட்டார்கள்.

“அப்ப சொல்லிக் காட்டச் சொல்லு.”

“ஆமா, சொல்லட்டும். பாத்துருவோம்.”

வரப்பின் மேல் நின்று, தொண்டையைச் சரிபண்ணி, “வணக்கம். வேலைவாய்ப்பு அலுவலகத்திலேர்ந்து முத்துராஜ் பேசுறேன். இன்னைக்கு ஒண்ணும் இல்ல. உங்க வேலையப் பாருங்க” என்றேன். உப்பளமே சிரித்தது. சிரிக்காமல் நின்றவள் அந்த வயசான பெண்தான்.

“ஏளா, இல்லாத அன்னைக்கு இல்லன்னு சொல்லுத மனுசன். இவரு இருக்குன்னு சொன்னா இருக்கும். கூடைய எறக்கு.”

பிரகாசி கூடையை இறக்கினாள்.

பிள்ளைகளே, மேடம் என்னை எதற்காக அந்த ஒன்றுமில்லாத செய்தியைச் சொல்லச் சொன்னார் என்று எனக்கு அந்த வரப்பில்தான் விளங்கியது. உங்கள் அம்மா கேட்ட கேள்விக்கும் அங்கேதான் பதில் கிடைத்தது.

அதோடு வேலை முடியவில்லை. சம்மதம் கொடுக்க வேண்டுமானால் ஓ.டி.பி. வரும். அது பதிந்த எண்ணுக்குத்தான் வரும். எண்ணை மாற்றலாம் என்றால், அதற்கும் பழைய எண்ணுக்கே ஓ.டி.பி. போகும். சென்னைக்கு எழுதி மாற்றுவதற்குள் கெடு போய்விடும். பிரகாசியின் புருஷன் சூசை, போனோடு நடுக்கடலில் இருக்கிறான். படகு திரும்ப இன்னும் நாளாகும்.

படகின் சொந்தக்காரரை அங்கே சம்மாட்டி என்பார்கள். சூசை போன படகின் சம்மாட்டி கஸ்பார் அண்ணாச்சி. அவருடைய கொட்டகையில் படகுகளோடு பேசுகிற வயர்லெஸ் இருந்தது. போன் எட்டாத இடத்துக்கும் அது எட்டும். நாங்கள் போய் நின்றோம். உப்பளத்துப் பெண்கள் பாதிப்பேர் கூடவே வந்துவிட்டார்கள்.

“ஒரு நம்பருக்காகப் படக உள்ள ஓட்டிட்டு வரச் சொல்லுதியளா?” என்றார் கஸ்பார். “போன்ல சிக்னல் கம்பி தெரியணும்னா எவ்வளவு தூரம் வரணும் தெரியுமா? திரும்பப் போயி வலை விடுறதுக்குள்ள ஒரு ராத்திரி மீன்பாடு போயிரும்.”

“திருவிழாவுக்கு மட்டும் படகக் கட்டிப் போட்டுட்டுச் சப்பரத்துக்கு முன்னால நிப்பியளே சம்மாட்டி, அப்பப் பாடு போகாதோ?” என்றாள் அந்த வயசான பெண்.

“அது அந்தோணியாருக்கு.”

“இது அந்தோணியார் குடுத்தது. வாங்கிக்கத் தெரியாம நிக்கியள்.”

கஸ்பார் என்னைப் பார்த்தார். “வேலை நெசமா அண்ணாச்சி?”

“நேர்காணல் நெசம். வேலை அவ திறமை” என்றேன். அதற்கு மேல் சொல்ல எனக்கு அதிகாரம் இல்லை. கூட்டிச் சொல்லாததாலோ என்னவோ, அவர் வயர்லெஸ்ஸை எடுத்தார்.

படகு கரைப்பக்கம் வரும் வரை காத்திருந்தோம். அதற்குள் மேடம் என் போனில் பிரகாசியோடு பேசினார். “உங்களுக்கு இந்த வேலை வேணுமா? உங்க வாயால சொல்லுங்க.” பிரகாசி உப்பில் வெடித்த கையால் போனைப் பிடித்துக்கொண்டு, “வேணும்” என்றாள். பிறகு போனை முந்தானையால் துடைத்து என்னிடம் தந்தாள்.

வெயில் சாய்கிற நேரத்தில் வயர்லெஸ்ஸில் சூசையின் குரல் வந்தது. “சம்மாட்டி, ரெண்டு கம்பி தெரியுது.”

நான் மேடத்திடம் சொன்னேன். அவர் ஆபீஸ் கம்ப்யூட்டரில் ஓ.டி.பி. அனுப்புகிற பொத்தானை அழுத்தினார். இங்கே எல்லாரும் வயர்லெஸ்ஸைச் சூழ்ந்துகொண்டோம்.

“வந்துட்டு” என்றான் சூசை. “ஆனா இதுல, யாருக்கும் சொல்லக் கூடாதுன்னு போட்டிருக்கே சம்மாட்டி.”

“ஏலே, சொல்லுல.”

“நாலு… ஒம்பது…” அவ்வளவுதான் கேட்டது. அந்த வயர்லெஸ் ஊருக்கே பொது. எந்தப் படகுக்காரனும் நடுவில் பேசலாம். ஒருவன் புகுந்து, “என்னல சூசை, லாட்டரியா?” என்றான். இன்னொருவன், “மீன் வெலையால?” என்றான். கஸ்பார் அவர்களை அதட்டி அடக்குவதற்குள் அந்த ஓ.டி.பி. காலாவதியாகிவிட்டது.

“பரவாயில்ல. இன்னொண்ணு அனுப்புறேன்” என்றார் மேடம். குரல் கொஞ்சமும் மாறவில்லை.

இந்தத் தடவை பிரகாசி வயர்லெஸ்ஸை வாங்கினாள். “கடல்ல கெடக்கிற அண்ணமாரு எல்லாரும் கேளுங்க. இது என் வேலைக்கு வார நம்பரு. நாலு நம்பரும் முடியிற வரைக்கும் ஒருத்தரும் வாயத் தொறக்கக் கூடாது” என்றாள். கடல் அமைதியாகிவிட்டது. அப்படி ஓர் அமைதியை நான் எந்த ஆபீஸிலும் கேட்டதில்லை.

சூசை சொன்னான். காற்றில் கடைசி எண் அடிபட்டுப் போனது. அப்போது எங்கேயோ நடுவில் நின்ற வேறொரு படகிலிருந்து ஒரு கிழட்டுக் குரல், “தங்கச்சி, கடைசி ஏழு. எனக்குத் தெளிவாக் கேட்டுது. ஏழு” என்றது.

நான் ஒவ்வொரு எண்ணாக உடைத்து, நிறுத்தி, மேடத்திடம் சொன்னேன். அவர் அங்கே தட்டினார்.

“ஏத்துக்கிச்சு முத்துராஜ்” என்றார் மேடம். பிறகு ஒரு சிரிப்பு. “யாருக்கும் சொல்லக் கூடாத நம்பர மன்னார் வளைகுடா பூராச் சொல்லிட்டோம். இத எழுத்துல போட வேண்டாம்.”

பிரகாசி நேர்காணலில் சொந்தத் திறமையில் தேறினாள். விடுதியில் சேர்ந்த பிறகு தனக்கென்று ஒரு போன் வாங்கிக்கொண்டு ஆபீஸுக்கு வந்தாள். புது எண்ணைப் பதியச் சொல்லிவிட்டு, “மொதல்ல அவருக்குத்தான் போட்டேன் அண்ணாச்சி, எடுக்கல. கடல்ல கெடக்காரு” என்று சிரித்தாள்.

அதன்பிறகு மேடம் எங்கள் முறையில் ஒரு கேள்வியைக் கூட்டினார். யார் எந்த வேலையாக ஆபீஸுக்கு வந்தாலும், “இந்த போன் யாரு கையில இருக்கும்? கடலுக்குப் போகுமா?” என்று கேட்க வேண்டும். ஆபீஸ் இதுவரை கேட்காத கேள்வி. கேட்டதும் பலர் யோசிப்பார்கள். அண்ணன் எண், பக்கத்து வீட்டு எண், எப்போதோ விட்டுப்போன எண் என்று பழைய பதிவுகளிலிருந்து வந்துகொண்டே இருந்தன. எத்தனையோ பேருக்குச் செய்தி நேராகப் போய்ச் சேர்ந்தது. நான் ஓய்வு பெற்ற பிறகும் கார்த்திக் அந்தக் கேள்வியை விடவில்லை. வேலு, இனிமேல் யாரிடமாவது என்னைக் காட்டினால், எல்லாம் ஆன்லைன் ஆன காலத்தில்தான் அப்பா ஆபீஸில் இருந்தார் என்று சொல். அதுவே எனக்குப் போதும்.

இசக்கி, இது உனக்குத் தெரியாது. அந்தக் கேள்வியை ஆபீஸில் முதல் நாள் கேட்டது நான்தான். வந்தவர்களிடமெல்லாம் கேட்டுக் கேட்டு, சாயங்காலம் எல்லாரும் போன பிறகு கதவைப் பூட்டப் போனவன் திரும்பி வந்து கம்ப்யூட்டர் முன்னால் உட்கார்ந்தேன். கார்த்திக் சொல்லிக் கொடுத்தபடி உன் பதிவைத் திறந்தேன். நீ அப்போது பாளையங்கோட்டையில் படித்துக்கொண்டிருந்தாய். பதிவில் இருந்தது என்னுடைய எண். அதை எடுத்துவிட்டு உன்னுடைய எண்ணைத் தட்டினேன். ஓ.டி.பி. என் சட்டைப் பையில் வந்து விழுந்தது. யாருமில்லாத அந்த அறையில், போனைக் கண்ணுக்கு நேரே பிடித்து, ஒவ்வொரு எண்ணாக உடைத்து, நிறுத்தி, வாய்விட்டுச் சொல்லிக்கொண்டே தட்டினேன். ஏற்றுக்கொண்டது. விளக்கை அணைத்துவிட்டு வீட்டுக்குக் கிளம்பினேன்.